விமானத் திரையும் நம் மௌனமும்



வளைகுடா நாடுகளுக்குச் செல்லும் மலிவுக் கட்டண விமானங்களில் இருக்கைக்கு எதிரே திரை இல்லை என்பதை நம்மவர் சிலர் ஓர் அருட்கொடையாகவே கொண்டாடுகின்றனர். சினிமாத் தொல்லை ஒழிந்தது, இனிப் பயணம் திக்ரிலும் துஆவிலும் கழியும் என்பது அவர்களின் வாதம். மறுபுறம் இளைஞர்கள், கைப்பேசி இருக்கும்போது திரை எதற்கு, நான்கு மணி நேரப் பயணந்தானே என்கின்றனர். சேரம்பாடி, பந்தலூர், கூடலூர் வட்டாரத்திலிருந்து பிழைப்புக்காகவும் உம்ராவுக்காகவும் புறப்படும் மக்களை அருகிருந்து காணும் நாம் இவ்விரண்டு வாதங்களையும் ஏற்பதற்கில்லை. இரு சாராருமே அந்தத் திரையைச் சினிமாவாக மட்டும் பார்க்கின்றனர்.

விமான நிறுவனங்களும் அவ்வாறே பார்க்கின்றன. படம், பாட்டு, விளையாட்டு ஆகியவற்றோடு வழித்தட வரைபடம், கிப்லாவின் திசை, சேருமிடத்தின் நேரம், இன்னும் எவ்வளவு தொலைவு என்ற கணக்கு ஆகிய அனைத்தையும் 'பொழுதுபோக்கு' என்னும் ஒரே மூட்டையாகக் கட்டி வைத்தன. எடையையும் செலவையும் குறைக்க வேண்டிய நாள் வந்தபோது, மூட்டையை அவிழ்த்துக்கூடப் பாராமல் தூக்கி எறிந்தன. படம் போனதற்காக நாம் அழவில்லை. வரைபடமும் அதனோடு போயிற்றே, அதைக் கேட்பார் யார் என்பதே நம் கேள்வி.

விமானத் திரைக்கும் ஒரு வரலாறு உண்டு. 1961ஆம் ஆண்டு அமெரிக்காவின் டி.டபிள்யூ.ஏ. நிறுவனம் முறையாகத் திரைப்படம் காட்டத் தொடங்கியபோது அது முதல் வகுப்புப் பயணிகளுக்கு மட்டுமே உரியதாயிருந்தது. எல்லா வகுப்பினருக்கும் இருக்கைதோறும் தனித்திரை என்ற நிலையை 1992இல் உருவாக்கியது எமிரேட்ஸ். செல்வர்க்கு மட்டும் இருந்த ஒரு வசதி, துபாய்க்குக் கட்டட வேலைக்குச் செல்லும் தொழிலாளியின் இருக்கைக்கும் அன்று வந்து சேர்ந்தது. இன்று அது யாரிடமிருந்து திரும்பப் பெறப்படுகிறது என்று பாருங்கள். முதல் வகுப்பிலிருந்து அன்று. அங்கே திரைகள் ஆண்டுக்கு ஆண்டு அகன்று கொண்டே போகின்றன. நாம் அமரும் இருக்கைகளிலிருந்துதான் அவை காணாமற் போகின்றன.

நம் வட்டாரத்தாருக்கு இதில் கூடுதலாக ஓர் இடர் உண்டு. சேரம்பாடி தமிழ்நாட்டில் இருந்தாலும் நமக்குரிய விமான நிலையம் கேரளத்துக் கரிப்பூர்தான். சோலாடி சோதனைச்சாவடியைத் தாண்டி, வடுவஞ்சால், மேப்பாடி வழியாகச் சென்று, தாமரச்சேரிச் சுரத்தின் கொண்டை ஊசி வளைவுகளில் இறங்கினால் கோழிக்கோடு. அல்லது நாடுகாணி இறங்கி நிலம்பூர் வழி. மாநில எல்லைக்குள் இருக்கும் கோயம்புத்தூரைவிட நமக்கு இதுவே கிட்டியது. 1988இல் திறக்கப்பட்ட அந்நிலையத்தின் ஓடுபாதை மேசை போன்ற குன்றின்மேல் அமைந்தது. பாதைச் சீரமைப்பைக் காரணங்காட்டி 2015இல் அகன்ற உடல் கொண்ட பெரிய விமானங்கள் நிறுத்தப்பட்டன. எமிரேட்ஸ் அப்போது போயிற்று. 2018 டிசம்பரில் சவூதியா பெரிய விமானத்துடன் திரும்பி வந்தது. 2020 ஆகஸ்ட் 7ஆம் நாள் துபாயிலிருந்து வந்த விமானம் மழையில் ஓடுபாதையைக் கடந்து பள்ளத்தில் வீழ்ந்து 21 உயிர்கள் போயின. அல்லாஹ் அவர்கள்மீது இரக்கம் கொள்வானாக. அதன்பின் பெரிய விமானங்களுக்கு மீண்டும் கதவடைப்பு. விழுந்தது சிறிய விமானம், தடை பெரிய விமானத்துக்கு. பழி ஓரிடம், பாவம் ஓரிடம்.

அந்தப் பெரிய விமானங்களோடு போனவை எவையென எண்ணிப் பாருங்கள். சவூதியா விமானத்தில் புறப்படுமுன் பயண துஆ ஒலிக்கும். அதன் பெரிய விமானங்களில் தொழுவதற்கென ஓர் இடம் ஒதுக்கப்பட்டிருக்கும். மீகாத் எல்லை நெருங்குவதை முன்கூட்டியே அறிவிப்பார்கள். வளைகுடா நிறுவனங்கள் பலவற்றின் வரைபடத் திரையில் மக்காவை நோக்கிய திசை ஓர் அம்புக்குறியாகத் திரும்பிக்கொண்டே வரும். இவற்றையெல்லாம் 'பொழுதுபோக்கு' என்று பெயரிட்டு அழைத்தது யார் குற்றமோ தெரியாது. ஆனால் அப்பெயரை நம்பி, போனால் போகட்டும் என்று நாமும் கைகழுவினோமே, அதுதான் வியப்பு.

மீகாத் பற்றிச் சற்று விரித்தே சொல்லவேண்டும். உம்ராவுக்கோ ஹஜ்ஜுக்கோ நாடிச் செல்பவர் மீகாத் எல்லையை இஹ்ராமின்றிக் கடக்கலாகாது. கடந்துவிட்டால் திரும்பிச் சென்று இஹ்ராம் கட்டவேண்டும். இயலாதெனில் பரிகாரமாக ஓர் ஆட்டை அறுத்துப் பலியிடவேண்டும். கப்பலில் சென்ற நம் முன்னோருக்கு யலம்லம் எல்லை நெருங்குவதைக் கப்பல்காரர்கள் சொல்வார்கள். ஆயத்தமாவதற்கு அவகாசம் இருந்தது. விமானம் மணிக்கு ஏறக்குறைய 800 கிலோமீட்டர் வேகத்தில் பறக்கிறது. நிமிடத்துக்கு 13 கிலோமீட்டருக்கு மேல். பத்து நிமிடம் கண்ணயர்ந்தால் நூற்றுமுப்பது கிலோமீட்டர் கடந்துவிடும். வளைகுடாவையும் ரியாதையும் தாண்டி மேற்கே செல்லும் விமானம் கர்னுல் மனாஸில் எல்லையை எப்போது தொடுகிறது என்பதைச் சன்னல் வழியே பார்த்து யாரும் அறிய முடியாது. கீழே இருப்பது மணலும் இருளும்.

கரிப்பூரிலேயே நிய்யத் வைத்து இஹ்ராம் கட்டிவிட்டால் தொல்லை தீர்ந்தது என்று சிலர் எளிதாகச் சொல்லிவிடுகின்றனர். மீகாதுக்கு முன்னரே இஹ்ராம் கட்டுதல் செல்லும் என்பதில் ஐயமில்லை. ஆனால் விமானம் எட்டு மணி நேரம் தாமதமானால், இடையில் வளைகுடா நகரொன்றில் இறங்கி அடுத்த விமானத்துக்குக் காத்திருக்க நேர்ந்தால், அத்தனை நேரமும் இஹ்ராமின் தடைகள் அனைத்தும் அவர்மேல் இருக்கும். அதனால்தான் பெரும்பாலோர் உடையை ஊரிலேயே உடுத்திக்கொண்டு நிய்யத்தை எல்லை நெருங்கும்வரை நிறுத்தி வைக்கின்றனர். பெண்களின் நிலையையும் எண்ணுங்கள். அவர்களுக்கு இஹ்ராமுக்கென்று தனி உடை இல்லை, நிய்யத்தும் தல்பியாவுந்தான். அந்த ஒரு நொடியை அறிந்தால்தான் அவர்களின் இஹ்ராமே தொடங்கும். தேயிலைக் காட்டில் நாற்பதாண்டு கொழுந்து பறித்து, கூலியில் மிச்சம் பிடித்து, முதன்முறையாக விமானத்தில் அமரும் உம்மா ஒருவருக்கு அந்த அறிவிப்பு ஆங்கிலத்தில் வந்தால் என்ன, வராமலே போனால் என்ன? இரண்டும் ஒன்றே.

தொழுகையின் நேரமும் இவ்வாறே. ஷாஃபிஈ மத்ஹபைச் சேர்ந்தோர் பயணத்தில் லுஹரையும் அஸரையும், மஃரிபையும் இஷாவையும் சேர்த்துத் தொழ வழியுண்டு. ஹனஃபி மத்ஹபினருக்கு அந்த வழி இல்லை. ஒவ்வொரு வக்தும் அதனதன் நேரத்தில் நிறைவேற வேண்டும். நம் பள்ளிகளில் இரு மத்ஹபினரும் தோளோடு தோள் நிற்கிறோம். வானத்தில் ஒருவருக்குச் சலுகை, மற்றவருக்குத் திண்டாட்டம். மேற்கு நோக்கிப் பறக்கும் விமானம் கதிரவனைத் துரத்திக்கொண்டே செல்வதால் மாலை நீண்டுகொண்டே போகும். உயரத்தில் இருப்பவருக்குக் கீழே தரையில் இருப்பவரைவிடக் கதிரவன் மறைவதும் பிந்தியே தெரியும். ரமலானில் நோன்புடன் பறப்பவர் ஊர்க் கடிகாரத்தைப் பார்த்துத் திறந்துவிட்டால் அந்த நோன்பு என்னாவது? தாம் இருக்கும் இடத்தில் கதிரவன் மறைந்ததைக் கொண்டே அவர் திறக்கவேண்டும். சன்னலோரம் கிடைக்காத நடு இருக்கைக்காரர் இதை எவரிடம் கேட்பார்? இத்தனைக்கும் விடை ஒரு சிறு வரைபடத்தில் இருக்கிறது. அதைத்தான் 'கேளிக்கை' என்று எண்ணி நீக்கிவிட்டனர். நாமும் அல்ஹம்துலில்லாஹ் என்றோம்.

இனிக் கைப்பேசி வாதத்துக்கு வருவோம். திரையை நீக்கிய நிறுவனங்கள் சில அதற்கு ஈடாக ஓர் ஏற்பாடு செய்துள்ளன. விமானத்துக்குள் ஒரு பெட்டியில் படங்களையும் வரைபடத்தையும் நிரப்பி வைத்து, வைஃபை வழியாகப் பயணிகளின் கைப்பேசிக்கே அனுப்புகின்றனர். இணையம் இல்லாமலே இயங்கும். கோயம்புத்தூரிலிருந்து ஷார்ஜாவுக்குப் பறக்கும் ஏர் அரேபியாவில் ஸ்கைடைம் என்ற பெயரில் இது கட்டணமின்றிக் கிடைக்கிறது. நல்ல ஏற்பாடுதான், மறுக்கவில்லை. ஆயினும் இதைப் பயன்படுத்த என்னென்ன தேவை என்று கணக்கெடுங்கள். திறன்பேசி வேண்டும். அதில் மின்சாரம் மிச்சமிருக்க வேண்டும். சுரம் இறங்கி, நிலையத்தில் காத்திருந்து, வீட்டாருடன் கண்ணீர்மல்கப் பேசி முடித்தபின் எத்தனை விழுக்காடு மிஞ்சும்? சில நிறுவனங்களில் செயலியைத் தரையிலேயே இறக்கி வைத்திருக்க வேண்டும். மேலே சென்றபின் முடியாது. அதைப் பயணச்சீட்டு விற்ற எவரும் சொல்வதில்லை. செவிக்கருவி வேண்டும். ஆங்கிலம் வாசிக்கத் தெரியவேண்டும். இவை அனைத்தும் உடையவருக்கு அந்த ஏற்பாடு ஓர் உபரி வசதி. இல்லாதவருக்கு வெற்று இருக்கையின் முதுகுப்புறம். இருக்கைத் திரையோ அமர்ந்தவர் யாரென்று கேட்டதில்லை.

மொழியைப் பற்றியும் ஒரு சொல். கரிப்பூரிலிருந்து செல்லும் விமானங்களில் ஆங்கிலமும் இந்தியும் ஒலிக்கின்றன. சிலவற்றில் அரபும் மலையாளமும். தமிழைக் கேட்பது அரிது. விமான நிலையங்களில் அறிவிப்பு முதலில் உள்ளூர் மொழியில் அமைய வேண்டுமென 2018 இறுதியில் ஒன்றிய அரசு அறிவுறுத்தியது. அந்த உள்ளூர் மொழி விமானத்தின் கதவோடு நின்றுவிடுகிறது. நம் ஊரில் மாப்பிள்ளைமாரும் ராவுத்தர்மாரும் மட்டும் பறக்கவில்லை. 1964ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி இலங்கையிலிருந்து வந்து டான்டீ தோட்டங்களில் குடியமர்ந்தோரின் பேரப்பிள்ளைகளும் இன்று அதே விமானத்தில் அதே வேலைக்குச் செல்கின்றனர். அவர்கள் எம்மதத்தவராயினும் நம் அண்டை வீட்டார். இந்தக் குறை அவர்களுக்கும் பொது. எமிரேட்ஸ், சிங்கப்பூர் ஏர்லைன்ஸ் போன்றவை தம் திரைகளில் தமிழுக்கு இடம் கொடுக்கின்றன. ஸ்ரீலங்கன் விமானத்தில் தமிழில் வரவேற்கிறார்கள். ஆக, முடியாத காரியமன்று.

தமிழ்ப் படம் என்றதும் முகம் சுளிப்போர் உண்டு. திரையில் வருவதெல்லாம் கூடும் என்று நாம் வாதிடவில்லை. தவிர்க்க வேண்டியவை அதில் நிறைய. ஆனால் கைக்குழந்தையை முதன்முறை விட்டுப் பிரிந்து, கடன் வாங்கிய பணத்தில் விசா எடுத்து ஏறும் இருபத்திரண்டு வயது இளைஞனைப் பாருங்கள். நான்கு மணி நேரம் அவன் கண்ணெதிரே இருப்பது சாம்பல்நிறப் பிளாஸ்டிக். தன் மொழியில் ஒரு நகைச்சுவையைக் கேட்டு அவன் ஒருமுறை சிரித்தால் மார்க்கத்துக்கு என்ன குறைந்துவிடும்? ஒரு கிராஅத்தைக் கேட்க விரும்பினாலும் அதுவும் அதே கருவியில்தான் இருந்தது. ஓதுதலைப் பாட்டுகளோடு ஒரே பட்டியலில் வைக்கிறார்களே என்று வருந்துவோரும் உளர். வருத்தம் நியாயமானதே, அதற்குத் தனிப் பகுதி கேட்கலாம். பட்டியலே வேண்டாம் என்பது கண்ணை விற்றுச் சித்திரம் வாங்கும் கதை.

திரை போனதால் திக்ரு பெருகியதா? இக்கேள்வியைக் கொண்டாடுவோரிடமே கேட்கிறோம். விமானத்துள் சென்று பார்த்தவர் எவரும் ஆம் என்று சொல்லார். முன்பு செவிக்கருவிக்குள் அடங்கியிருந்த ஓசை இப்போது வெளியே வந்துவிட்டது. ஒருவர் கையில் ரீல்ஸ், அடுத்தவர் கையில் கிரிக்கெட், பின்னிருக்கையில் முழு ஒலியில் ஒரு பயான். தொழிலாளியொருவர் இரண்டு இரவு உறங்காமல் வந்து கண்மூட முயல்கிறார்; குழந்தை வீரிடுகிறது. மார்க்க உரைதானே, கேட்டால் நன்மைதானே என்று ஒலியைக் கூட்டுகிறவருக்கு ஒன்றை நினைவூட்டுவோம். பள்ளிவாசலில் இஃதிகாப் இருந்தபோது சிலர் உரக்க ஓதுவதைக் கேட்ட நபி (ஸல்) அவர்கள் திரையை விலக்கி, நீங்கள் ஒவ்வொருவரும் உங்கள் இறைவனோடுதான் உரையாடுகிறீர்கள், ஒருவருக்கொருவர் தொல்லை தராதீர்கள் என்னும் கருத்தில் அறிவுறுத்தியதாக அபூதாவூதில் பதிவாகியுள்ளது. பள்ளிவாசலில் குர்ஆனுக்கே அந்த வரம்பு எனில், முப்பதாயிரம் அடி உயரத்தில் வாட்ஸ்அப் பயானுக்கு என்ன உரிமை? இருபது ரூபாய்க்குக் கிடைக்கும் மிட்டாயை ஊருக்கு வாங்க மறவாதவர்கள் ஒரு செவிக்கருவியை மறப்பது ஏனென்று நமக்கு விளங்கவில்லை.

மலிவுக் கட்டணத்தில் இதற்கு மேல் எதிர்பார்க்கலாமா என்று கேட்பர். மலிவு என்ற சொல்லைக் கொஞ்சம் சோதித்துப் பார்ப்போம். பெருநாளுக்கும் பள்ளி விடுமுறைக்கும் அதே இருக்கையின் விலை இரண்டு மடங்கு, மூன்று மடங்கு ஏறுகிறது. ஏறியபின் திரை முளைக்கிறதா? 2024 ஹஜ்ஜுக்குக் கரிப்பூரிலிருந்து செல்வோருக்குக் கொச்சி, கண்ணூரைக் காட்டிலும் மிகக் கூடுதலான கட்டணம் அறிவிக்கப்பட்டு, மலபாரில் பெரும் எதிர்ப்பு எழுந்ததை யாவரும் அறிவர். சிறிய விமானம், பெரிய கட்டணம். கட்டணத்துக்கு எதிராகக் குரல் எழுந்தது, நன்று. அந்த இருக்கையில் என்ன இருக்கிறது என்று அப்போதும் யாரும் கேட்கவில்லை.

நம் உம்ரா குழு அமைப்பாளர்களை நோக்கியும் சொல்ல வேண்டியிருக்கிறது. அவர்களின் துண்டறிக்கையை எடுத்துப் பாருங்கள். ஹரமுக்கு எத்தனை மீட்டரில் விடுதி, மூன்று வேளையும் நம்மூர்ச் சாப்பாடு, ஐந்து லிட்டர் ஜம்ஜம், பயணப் பை இலவசம். எந்த விமானம், எங்கே இறங்கி மாறவேண்டும், எத்தனை மணி நேரக் காத்திருப்பு, மீகாதை யார் எம்மொழியில் அறிவிப்பார் என்பதற்கு ஒரு வரி இல்லை. குழுவில் ஐம்பது பேர், வழிகாட்டி ஒருவர். அவருக்கும் முன்வரிசையில் எங்கோ இருக்கை. எல்லை நெருங்கும்போது இருக்கைப்பட்டை விளக்கு எரிந்தால் அவராலும் எழுந்து வந்து சொல்ல முடியாது. ஆட்டுக்கான பணம் யாருடைய பையிலிருந்து போகும்?

நாம் கேட்பது பெரிதன்று. இருக்கைதோறும் திரை இல்லையெனில் விமானத்தின் கூரையில் இரண்டு மூன்று பொதுத் திரைகளில் வரைபடம் மட்டும் ஓடட்டும். முன்னாளில் பல விமானங்களில் அப்படித்தான் இருந்தது. ஜித்தா செல்லும் விமானத்தில் மீகாதுக்கு அரைமணி நேரம் முன்பும், நெருங்கும்போதும் அறிவிப்பு வரட்டும். தமிழிலும் மலையாளத்திலும் முன்பே பதிவு செய்து வைத்த இரண்டு வாக்கியங்கள் போதும். அதற்கு எடை இல்லை, எரிபொருளும் செலவாகாது. ஒலிபெருக்கி எல்லா விமானத்திலும் இருக்கிறது. வாசனைத் திரவியமும் சாக்லேட்டும் விற்பதற்கு அதில் ஓயாமல் பேசத்தான் செய்கிறார்கள். செயலியை ஊரிலேயே இறக்கி வைக்கவேண்டும் என்ற குறிப்பு பயணச்சீட்டோடு வரட்டும். செவிக்கருவியின்றி ஒலியெழுப்புவோரைப் பணியாளர்கள் தயங்காமல் தடுக்கட்டும். தடுக்கப்படுவது பயானாயினும் நாம் அவர்கள் பக்கமே நிற்போம்.

பயணியின் துஆ மறுக்கப்படாத துஆக்களுள் ஒன்று என்று ஹதீஸில் வருகிறது. திரை வேண்டாம் என்போர் இதை எடுத்துக்காட்டுவது வழக்கம். அந்த துஆவைக் கேட்க அமைதியும், தொழ நேரமும், நோக்கத் திசையும் தேவை. இவற்றில் எதையும் வெற்று இருக்கை தருவதில்லை.

நம் பள்ளி ஜமாஅத்துகள் திருமணப் பந்தலில் ஒலிபெருக்கி வைக்கலாமா என்று மூன்று கூட்டம் போடுகின்றன. ஒரு கூட்டத்தை இதற்கு ஒதுக்கி, கரிப்பூர் நிலைய இயக்குநருக்கும், அங்கிருந்து ஜித்தாவுக்குப் பறக்கும் நிறுவனங்களுக்கும், தமிழ்நாடு மாநில ஹஜ் குழுவுக்கும் மூன்று கடிதங்கள் எழுதட்டும். அடுத்த குழுவுக்குப் பெயர் கொடுக்கப்போகும் குடும்பத்தார், முன்பணத்தை நீட்டுமுன் அமைப்பாளரிடம் கேளுங்கள்: எங்கள் உம்மா அமரும் விமானத்தில் மீகாதை எம்மொழியில், எத்தனை நிமிடம் முன்னதாக, யார் சொல்வார்? விடையை எழுதி வாங்கிக்கொண்டு பணத்தைக் கொடுங்கள்.